நாற்காலிக்கு வலிக்காது

அரசாங்கம் தாமதமாக வந்தால் கோர்ட்டில் என்ன சாக்குச் சொல்ல வேண்டும் என்பது என் விரல்களுக்கு மனப்பாடம். கோர்ட் வாசலுக்கு எதிர்ச்சாரியில் டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். அரசு வக்கீலின் குமாஸ்தா கொண்டுவரும் மனுக்களில்தான் என் அடுப்பு எரிகிறது. அவற்றில் பாதிக்கு மேல் ஒரே ரகம். கீழ்க்கோர்ட்டில் ஏதோ ஒரு துறை தோற்றிருக்கும். அப்பீல் போட மூன்று மாதம் கெடு. கெடு முடிந்து, துறை நன்றாகத் தூங்கி எழுந்து, சோம்பல் முறித்து, பிறகு ஓடிவரும்: தாமதத்தைப் பொறுத்துக்கொண்டு எங்கள் அப்பீலை ஏற்க வேண்டும் என்று.

அதற்கென்று கம்ப்யூட்டரில் ஒரு பத்தியைத் தயாராக வைத்திருந்தேன். 'கோப்பானது மேசைக்கு மேசை நகர்ந்து, உரிய அலுவலர்களின் பரிசீலனைக்கு உட்பட்டதில், மனுதாரரின் கட்டுப்பாட்டை மீறிய தாமதம் ஏற்பட்டது. இது வேண்டுமென்றே செய்யப்பட்டதன்று.' நாள் கணக்கை மட்டும் மாற்றிக்கொண்டால் போதும். சாலைத் துறைக்கும் அதே பத்தி, குடிநீர்த் துறைக்கும் அதே பத்தி. பழைய நீதிபதி அதைப் படிக்கவே மாட்டார். தலையை ஆட்டுவார், தாமதம் மன்னிக்கப்பட்டுவிடும்.

மனிதர்களுக்கு அந்தப் பத்தி செல்லாது. ஒரு தச்சர் வந்தார். கால் முறிந்து படுத்துவிட்டதில் பதினோரு நாள் பிந்திவிட்டது. எக்ஸ்ரேயை உறையோடு கொண்டுவந்து நீட்டினார். "கால்தானே முறிஞ்சுது? வக்கீலுக்கு போன் பண்ணக் கை போதுமே" என்று சொல்லித் தள்ளுபடி செய்தார் அதே நீதிபதி. மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம். இது சட்டத்தில் எந்தப் பிரிவில் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது, ஆனால் இருக்கிறது. தச்சர் எக்ஸ்ரேயைப் பத்திரமாக உறைக்குள் திரும்பப் போட்டுக்கொண்டு போனார்.

அதற்காக நான் கண்ணீர் விட்டேன் என்று சொன்னால் பொய். பக்கத்துக்கு இவ்வளவு என்று வாங்கிக்கொண்டு அடித்துக் கொடுத்தேன். என் வீட்டுக்காரரின் வழக்கு வரும்வரை அது எனக்குப் பிழைப்பு மட்டும்தான்.

அவர் அரசின் கிடங்கு வாரியத்தில் எழுத்தர். எங்கள் மகள் மாதம் நிறையாமல் பிறந்தாள். ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் குழாய்களோடு கிடந்தாள். இவருடைய லீவு முடிந்தது. குழந்தை பிழைக்குமா என்று டாக்டரே கையை விரித்த நேரத்தில் யார் ஆபீசுக்குப் போவார்கள்? லீவை நீட்டிக்கக் கேட்டுத் தபாலில் விண்ணப்பம் அனுப்பிவிட்டு அங்கேயே இருந்தார். ஒன்பது நாள் கழித்து வேலைக்குப் போனபோது டிஸ்மிஸ் உத்தரவு தயாராக இருந்தது. அனுமதியின்றி ஒன்பது நாள் தாமதமாகத் திரும்பியது குற்றம். ஆளைக் கழற்றிவிட வாரியம் ஒரு சாக்குத் தேடிக்கொண்டிருந்த வருடம் அது, கிடைத்தவர் இவர்.

கேஸ் போட்டோம். வருடக்கணக்கில் என் டைப்பிங் கடைதான் மூன்று வயிற்றையும் கழுவியது. கடைசியில் கீழ்க்கோர்ட் நீதிபதி, குழந்தை சாகக் கிடக்கும்போது அப்பன் பக்கத்தில் இருந்தது குற்றமாகாது என்று எழுதி, வேலையைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னார். வேலையோடு மருத்துவ அட்டையும் வந்தது. சம்பளத்தைவிட எனக்கு அந்த அட்டைதான் பெரிது. பாப்பா பிழைத்துவிட்டாளே தவிர நுரையீரல் பலவீனம். காற்று கொஞ்சம் மாறினால் போதும், இரண்டு நாள் ஆஸ்பத்திரி. அட்டை இருந்தால் உள்ளே விடுவார்கள். இல்லாவிட்டால் வராந்தாவில் உட்கார்ந்து இருமலை எண்ணிக்கொண்டிருக்க வேண்டும். அட்டையை என் நகையோடு சேர்த்துப் பூட்டி வைத்தேன்.

திரும்பி வேலைக்குப் போன மனுஷர் பழைய மனுஷர் இல்லை. வாட்ச்மேன் வருவதற்கு முன்னால் கேட்டில் போய் நிற்பார். எந்த ஃபைலையும் மறுநாள்வரை மேசையில் விட மாட்டார். ஆபீசில் 'கடிகாரம்' என்று பெயர் வைத்தார்கள். சூடுகண்ட பூனை என்று நான் வைத்திருப்பேன். அவரைச் சட்டப் பிரிவில் இரண்டாம் இருக்கையில் உட்கார வைத்தார்கள். யாரும் விரும்பாத இருக்கை அது. "கோர்ட் விவகாரம் உன்னவிட யாருக்குப்பா தெரியும்? அனுபவஸ்தன்" என்று சிரித்தாராம் சூப்பிரண்டு. சூப்பிரண்டுக்கும் ஒரு பெயர் உண்டு: 'நாளைக்கு'. எதைக் கொண்டுபோய் நீட்டினாலும் வாயிலிருந்து விழும் முதல் சொல் அது.

அங்கே ஃபைல்கள் ஆள் பெயருக்கு வருவதில்லை, இருக்கை எண்ணுக்கு வரும். அப்படித்தான் முதல் வாரமே ஒரு ஃபைல் அவர் மேசைக்கு வந்தது. அவர் ஜெயித்த அதே தீர்ப்பு. மேலே ஒரு வரி: 'இதை எதிர்த்து மேல்முறையீட்டுக்கு வரைவு போடுக. இருக்கை இரண்டு.' இதில் யாருடைய குரோதமும் இல்லை. குரோதம் கொள்வதற்கு முதலில் ஃபைலைப் படிக்க வேண்டுமே.

அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றாமலே சொன்னார்.

"என் மேல அப்பீல் போடணுமாம். என்னையே எழுதச் சொல்லியிருக்காங்க."

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். பிறகுதான் அவர் முகத்தைப் பார்த்தேன்.

"ஏங்க, எழுதப் போறீங்களா?"

"என் சீட்டுக்கு வந்திருக்கு."

"வரட்டும். அடியில தள்ளிப் போடுங்க. உங்க நாளைக்கு சார் தலையில நாலு வருஷத்து ஃபைல் உக்காந்திருக்கு, அதுல இது ஒண்ணு. கெடு முடிஞ்சா முடிஞ்சுபோச்சு, நம்ம வேலை நமக்கு."

"ஒன்பது நாள் லேட்டுன்னுதான்டி என் பொழப்பையே புடுங்கினாங்க. இன்னொரு தடவை என் பேர்ல தாமதம்னு ஒரு வார்த்தை வரக் கூடாது. நான் பண்ணினாலும் மேல அவங்க போட மாட்டாங்க. நீ வேணாப் பாரு."

எழுதினார். ஒரே வாரத்தில் எழுதி முடித்தார். அரைகுறையாகவாவது எழுதித் தொலைத்திருக்கலாம், அதுவும் தெரியாது அவருக்கு. எதிராளி எங்கே பலவீனம் என்று அவரைவிட யாருக்குத் தெரியும்? விண்ணப்பம் சாதாரணத் தபாலில் போனது, பதிவுத் தபாலில் போகவில்லை, ஆஸ்பத்திரியில் தாயும் இருந்தாள், தகப்பன் இருந்தே தீர வேண்டும் என்பதில்லை. எல்லாவற்றையும் தோண்டி எடுத்து வரிசை பிடித்திருந்தார். கடைசி வரியை எனக்குச் சொல்லியும் காட்டினார்: 'நேரத்தின் மதிப்பை அறியாத ஒருவரிடம் பொதுமக்களின் தானியம் பத்திரமாக இருக்க முடியாது.' சொல்லிவிட்டு, "எப்படி?" என்பதுபோல் என்னைப் பார்த்தார். சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்கிறவர்களைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறேன். அதை அழகாக வேறு வைத்துக்கொள்கிறவரை அன்றுதான் பார்த்தேன். அவர் முதுகில் ஒன்று வைக்க வேண்டும்போல் எனக்குக் கை துறுதுறுத்தது.

வாரியத்தில் ஒரு வழக்கம். எழுத்தர் எழுதும் வரைவில் அவர் பெயரும் இருக்காது, தேதியும் இருக்காது. இரண்டுக்கும் இடம் விட்டு மேலே அனுப்ப வேண்டும். பெரியவர்கள் எப்போது பார்க்கிறார்களோ அன்றைய தேதியைப் போட்டுக்கொள்வார்கள். பெரியவர்கள் தாமதம் செய்ததாக ஒரு காகிதமும் சொல்லிவிடக் கூடாது என்பதற்காக எப்போதோ எவனோ கண்டுபிடித்த வழக்கம். இவரும் இடம் விட்டு, நாளைக்கு சாரின் மேசையில் கொண்டுபோய் வைத்தார்.

"என்னப்பா இது?"

"என் மேல போடுற அப்பீல் சார்."

"அதுக்குள்ளயா? நாளைக்குப் பாக்கலாம் வை."

அவர் சொன்ன நாளை ஒரு வருடத்துக்கு மேல் வரவில்லை. இவர் சொன்னதுதான் சரி என்று நானும் நம்பத் தொடங்கினேன். கெடு முடிந்த அன்று வீட்டில் பாயசம் வைத்தேன். எதற்கு என்று பாப்பா கேட்டாள், அப்பாவுக்குப் பிறந்தநாள் என்று சொல்லிவைத்தேன்.

பிறகு வாரியத்துக்குப் புது இயக்குநர் வந்தார். புதுத் துடைப்பம் நன்றாகத்தான் பெருக்கும். தோற்ற வழக்குகளில் எதற்கெல்லாம் அப்பீல் போடவில்லை என்று கேட்டார். எல்லாரும் அடித்துப் பிடித்துக்கொண்டு ஃபைல்களைத் தேடினார்கள். நாளைக்கு சாரின் நாற்காலியில் திண்டு மாதிரி போட்டிருந்த கட்டுக்குள்ளிருந்து எங்கள் ஃபைல் கிடைத்தது.

அதே சமயத்தில் கோர்ட்டிலும் நீதிபதி மாறியிருந்தார். என் பத்தியின் கதை அவரிடம் முடிந்துபோனது. "மேசைக்கு மேசை நகர்ந்துச்சுங்கறீங்க. மேசைக்குக் கால் இருக்கு, ஒத்துக்கறேன். கடைசியில எந்த மேசையில படுத்துச்சு? யாரு?" என்று கேட்டு முதல் நாளே நான்கு துறைகளின் மனுக்களைத் தூக்கி எறிந்தார். கோர்ட் தெருவே அவருக்கு 'யாரு ஜட்ஜு' என்று பெயர் வைத்தது. அரசாங்கத்துக்கும் ஒரு நியாயம், தச்சருக்கும் அதே நியாயம் என்று அவர் சொன்னதாகக் கேட்டு, உண்மையிலேயே எனக்குச் சந்தோஷமாக இருந்தது. கடவுள் கண்ணைத் திறந்துவிட்டார் என்று நினைத்தேன்.

ஒரு நாள் மதியம் குமாஸ்தா வந்தான். கையில் கிடங்கு வாரியத்தின் தாமத மனு.

"அக்கா, உங்க பழைய பத்தி வேணாம். இவருக்கு ஆளக் காட்டணும். ஒரு தலைய நீட்டினாத்தான் மன்னிக்கிறாரு."

வாங்கிப் பார்த்தேன். எதிர்மனுதாரர் என்ற இடத்தில் என் வீட்டுக்காரர் பெயர். அவர் என் புருஷன் என்று குமாஸ்தாவுக்குத் தெரியாது. அரசாங்கத்தோடு வழக்காடுகிறவன் வீட்டில் அரசாங்க மனுவை அடிக்கக் கொடுக்க மாட்டார்கள் என்று நான் வாயைத் திறந்ததே இல்லை. கீழே புதுப் பத்தியைப் படித்தேன். 'வாரியத்தின் சட்டப் பிரிவு இரண்டாம் இருக்கை எழுத்தர் கோப்பை மேலே அனுப்பாமல் தம் வசமே வைத்திருந்ததால் தாமதம் நேர்ந்தது. அவர்மீது நடவடிக்கை தொடங்கப்பட்டுள்ளது.'

"இந்த எழுத்தர் யாருப்பா?"

"யாருக்குத் தெரியும்? எவனோ அப்பாவி. அடிங்கக்கா, இன்னிக்கே ஃபைல் பண்ணணும்."

அடித்தேன். நான் அடிக்காவிட்டால் பக்கத்துக் கடைக்காரன் அடிப்பான், அதுவும் தப்பும் தவறுமாக. என் புருஷன் ஃபைலை அமுக்கிவிட்டார் என்று ஒருத்தன் எழுதிய பொய்யை ஒற்றெழுத்துப் பிசகாமல் அடித்துக் கொடுத்தேன், காசும் வாங்கினேன். எரிச்சலாகத்தான் இருந்தது. ஆனால் உள்ளே ஒரு மூலையில் குதூகலமும் இருந்தது. மாட்டிக்கொண்டார்கள் என்று தோன்றியது.

சாயங்காலம் இவரிடம் சொன்னேன். மறுநாள் காலையில் நேராக நாளைக்கு சாரிடம் போய் நின்றிருக்கிறார்.

"சார், நான் அப்பவே உங்க மேசையில வெச்சேனே."

"வெச்சேப்பா. இல்லன்னு யாரு சொன்னா?"

"மனுவுல நான் அமுக்கி வெச்சதா..."

"உன் பேர் எங்கய்யா இருக்கு? இருக்கைன்னுதானே போட்டிருக்கு. கோர்ட்டுக்கு ஒரு ஆள் காட்டணும், ஒரு நாற்காலியக் காட்டினோம். நாற்காலிக்கு வலிக்குமா? போ, போய் வேலையப் பாரு."

இவரும் வந்து வேலையைப் பார்த்திருக்கிறார். குனியக் குனியக் குட்டுவார்கள் என்று நான் அன்று ராத்திரிச் சாப்பாடு முடியும்வரை கத்தினேன். அவர் தட்டைப் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார்.

எங்கள் வக்கீலம்மாவிடம் நான்தான் ஓடினேன். அவர் மனுவைப் படித்தார், கண்ணாடியைக் கழற்றினார், சிரித்தார்.

"ஏம்மா, அந்த ரெண்டாம் இருக்கை உங்க வீட்டுக்காரரா? அவர் கேஸ அவர்கிட்டயே குடுத்தாங்களா? இதைச் சொன்னாப் போதும்மா. கோர்ட்டே சிரிச்சிரும்."

"சொல்லுங்கம்மா. நல்லா உறைக்கிற மாதிரி சொல்லுங்க."

விசாரணை நாளில் கடையைப் பூட்டிவிட்டுப் போய்ப் பின்வரிசையில் என் வீட்டுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்தேன். குமாஸ்தா என்னைப் பார்த்து, இங்கே என்ன என்று கண்ணால் கேட்டான். பொறு, தெரியும் என்று நானும் கண்ணாலேயே சொன்னேன்.

அரசு வக்கீல் நாற்காலியின் கதையைச் சொல்லி முடித்தார். வக்கீலம்மா எழுந்தார்.

"ஐயா, தாமதத்துக்குக் காரணம்னு இவங்க காட்டுற அந்த எழுத்தர் வேற யாருமில்ல. இந்த வழக்கில ஜெயிச்ச எதிர்மனுதாரரேதான்."

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார்.

"யாரு?"

"பின்னாடி இருக்கார் ஐயா."

இவர் எழுந்து நின்றார். எல்லாத் தலைகளும் திரும்பின. நானும் தலையை நிமிர்த்திக்கொண்டேன். கல்யாணத்தன்றுகூட அவ்வளவு பெருமையாக அவர் பக்கத்தில் இருந்ததில்லை.

"இந்த ஃபைல் உங்க மேசைக்கு வந்துச்சா?"

"வந்துச்சுங்க ஐயா. நான் ஒரே வாரத்துல வரைவு எழுதி மேல..."

"கேட்டதுக்குப் பதில். வந்துச்சா, இல்லையா?"

"வந்துச்சுங்க."

"மேல வெச்சதுக்கு என்ன அத்தாட்சி?"

"வரைவு இருக்குங்க ஐயா. நான் எழுதினது."

அரசு வக்கீல் ஃபைலைப் புரட்டினார். அந்த ஆள் கெட்டிக்காரர். அந்த எழுத்தரும் இந்த எதிர்மனுதாரரும் ஒரே ஆள் என்று ஒரு நிமிடம் முன்புவரை அவருக்கும் தெரியாது. ஆனால் பழம் நழுவிப் பாலில் விழுந்தால் எடுத்துச் சாப்பிடத் தெரியும்.

"வரைவு இருக்குய்யா. தேதி இல்ல. பேரும் இல்ல. எப்ப எழுதினதோ, யார் எழுதினதோ. எங்க வாதமும் இதுதான். தனக்கு எதிரான ஃபைலைத் தானே வெச்சிருந்தவருக்கு அதை மேல அனுப்ப என்ன அவசரம் இருந்திருக்கும்?"

கோர்ட் சிரித்தது. வக்கீலம்மா சொன்னபடியேதான் சிரித்தது, எங்களைப் பார்த்து. வக்கீலம்மா வழக்கத்தைச் சொன்னார், இடம் விடும் முறையைச் சொன்னார், சூப்பிரண்டைக் கூப்பிட்டுக் கேளுங்கள் என்றார். நீதிபதி கையை உயர்த்தினார்.

"அம்மா, எழுத்தர் யாரோ மூணாம் மனுஷனா இருந்தா நான் இந்த மனுவத் தள்ளியிருப்பேன். சோம்பேறித்தனத்துக்கு மன்னிப்புக் கிடையாது. ஆனா இது சோம்பேறித்தனம் இல்ல. பாலுக்குப் பூனை காவல். தான் பண்ணின தப்புல தானே லாபம் பாக்க யாரையும் விட முடியாது."

தாமதம் மன்னிக்கப்பட்டது.

வெளியே வராந்தாவில் குமாஸ்தா ஓடிவந்து என் கையைப் பிடித்தான்.

"அக்கா, அது மாமாவா? ஏங்க்கா எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல? மூணாம் இருக்கை காலியாத்தானே கெடக்கு. அதைப் போட்டிருப்பேனே!"

அவன் உண்மையாகவே வருத்தப்பட்டான். அவனை அறையலாமா, நன்றி சொல்லலாமா என்று தெரியாமல் நின்றேன். இவர் தண்ணீர்க் குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். ஒரு முகத்தை அவ்வளவு நேரம் கழுவ வேண்டியதில்லை.

அடுத்த மாதம் அப்பீலே விசாரணைக்கு வந்தது. அரசு வக்கீல் எழுந்து, இவர் எழுதிய வரைவை அப்படியே வாசித்தார். ஒரு சொல்லையும் யாரும் மாற்றியிருக்கவில்லை. சாதாரணத் தபால், பதிவுத் தபால், ஆஸ்பத்திரியில் தாயும் இருந்தாள். வாசிக்க வாசிக்க என் பக்கத்தில் இவருடைய உதடுகள் கூடவே அசைந்தன. கடைசி வரி வந்தது: நேரத்தின் மதிப்பை அறியாத ஒருவரிடம் பொதுமக்களின் தானியம் பத்திரமாக இருக்க முடியாது.

நீதிபதி நிமிர்ந்தார்.

"அரசுத் தரப்புல இவ்வளவு தெளிவா ஒரு அப்பீல் நான் பார்த்ததில்ல. யாரு எழுதினது?"

அரசு வக்கீல் அடக்கமாகத் தலையைக் குனிந்தார், தான்தான் என்று சொல்லாமல் சொல்வதற்கு. என் பக்கத்தில் இவருடைய கை முழங்கால் மேலிருந்து மெல்ல எழுந்தது. நான் அதைப் பிடித்து அழுத்தினேன். அவர் முகத்தைப் பார்த்தேன். சிரிப்பு இருந்தது. சின்னப் பிள்ளைக்கு வாத்தியார் நல்ல மார்க் போட்டால் வருமே, அந்தச் சிரிப்பு. அந்த மனுஷரை அப்போது எவ்வளவு வெறுத்தேனோ அவ்வளவு பாவமாகவும் இருந்தது. அழுகை வந்தது. கோர்ட்டில் அழக் கூடாது என்று விழுங்கிக்கொண்டேன்.

அப்பீல் அனுமதிக்கப்பட்டது. டிஸ்மிஸ் செல்லும்.

தீர்ப்பின் நகல் வாரியத்துக்கு வந்து சேர்ந்த அன்று இவர் ஆபீசில் இருந்தார். உத்தரவை அமல்படுத்தக் குறிப்புப் போட வேண்டிய ஃபைல் எந்த இருக்கைக்கு வரும் என்று சொல்லத் தேவையில்லை. காலையில் வந்தது. உட்கார்ந்து எழுதினார்: இருக்கை இரண்டின் எழுத்தரைப் பணியிலிருந்து விடுவிக்கலாம், அவரிடமுள்ள மருத்துவ அட்டையைத் திரும்பப் பெறலாம். வழக்கப்படி பெயருக்கும் தேதிக்கும் இடம் விட்டார். நாளைக்கு சார் அதை வாங்கி, நின்றபடியே படித்து, அப்போதே கையெழுத்துப் போட்டார். அன்றைய தேதியையும் போட்டார். அங்கிருந்து பிரிவு அதிகாரி, அங்கிருந்து இயக்குநர். யாரும் டீ குடிக்கப் போயிருக்கவில்லை, யாரும் மீட்டிங்கில் இல்லை. இறங்கி வந்த ஃபைல் மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் அவர் மேசையில் திரும்ப இருந்தது.

என்னிடம் வந்து இதைத்தான் முதலில் சொன்னார்.

"ஒரே காலையில முடிச்சுட்டாங்கடி. நம்ம ஆபீஸ்ல ஒரு ஃபைல் இவ்வளவு சீக்கிரம் நகர்ந்து நான் பார்த்ததே இல்ல."

பிறகு கையை நீட்டினார். சாயங்காலம் ஐந்து மணிக்குள் அட்டையை ஒப்படைக்க வேண்டுமாம். பெட்டியைத் திறந்து நகைக்கு அடியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். உள்ளறையில் பாப்பா இருமிக்கொண்டிருந்தாள். லேட்டாகிவிடும் என்று அவர் செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் ஓடினார்.